நம் ஊரில் இல்லாத பஸ் லேன்: வாசகர் கேள்விகளும் என் பதில்களும்

மட்டக்களப்பிலிருந்து பொத்துவில் வரை ஓடிப் பார்த்தாலும், பஸ்ஸுக்கென்று தனியாகக் கோடு போட்டுப் பிரித்த ஒரு மீற்றர் வீதி கூட அகப்படாது. ஆனாலும் இந்த முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை பஸ் லேன் பற்றித்தான். யோசித்தால் அதிசயம் ஒன்றுமில்லை. இங்கிருந்து ஆஸ்பத்திரிக்கும் விமான நிலையத்துக்கும் ஹயர் வேன்கள் நாள் தவறாமல் கொழும்புப் பக்கம் போகின்றன. பிள்ளைகள் லண்டனிலும் கனடாவிலும் ஸ்டியரிங் பிடிக்கிறார்கள். மாட்டிக்கொள்வது அங்கே, கேள்வி வருவது இங்கே.

முதலில் ஒரு சொல்லைப் பற்றி. அறிவித்தல்களில் இதற்கு ‘ஒழுங்கை’ என்று எழுதுகிறார்கள். நமக்கு ஒழுங்கை என்றால் இரண்டு வேலிகளுக்கு நடுவே மாட்டு வண்டி போகிற மணல் பாதை. பயிற்சிக்கு வருகிற பிள்ளைகளிடம் ‘ஒழுங்கை மாறாதே’ என்று சொன்னால் அடுத்த குறுக்கு வீதியைத் திரும்பிப் பார்க்கிறார்கள். ஆகவே நான் லேன் என்றே எழுதுகிறேன்.

மஹரகம ஆஸ்பத்திரிக்கு நோயாளி ஒருவரை ஏற்றிக்கொண்டு காலை எட்டு மணிக்கு பேஸ்லைன் வீதியால் போனேன். இடது ஓரம் வெறுமையாகக் கிடந்தது. அதற்குள் விட்டேன். பொலிஸ் மறித்துத் தண்டச் சீட்டு எழுதினார்கள். வேனில் ஒன்பது பேர் இருந்தோம், இதுவும் பயணிகள் வாகனம்தானே? (களுவாஞ்சிக்குடி, ஹயர் வேன் சாரதி)

வேனுக்குள் எத்தனை பேர் என்பது கணக்கில் வராது தம்பி. எந்த வகை வாகனம், என்ன சேவை என்பதுதான் கணக்கு. கொழும்பில் 2017 இல் ராஜகிரியப் பக்கம் சோதனையாகத் தொடங்கிய விஷயம் இது. 2020 செப்டம்பரில் காலி வீதி, ஹைலெவல் வீதி, பேஸ்லைன் வீதி, ஸ்ரீ ஜயவர்தனபுர மாவத்தை என்று கொழும்புக்குள் நுழைகிற பெரிய வீதிகளில் லேன் சட்டத்தை இறுக்கினார்கள். இடது ஓர லேன் பஸ்ஸுக்கு. பாடசாலை வேனுக்கும் அலுவலகப் பணியாளர் வாகனத்துக்கும் அதில் இடம் கொடுத்தார்கள். நோயாளியும் உறவுக்காரரும் போகிற ஹயர் வேன் அந்தப் பட்டியலில் இல்லை.

உங்கள் வழியை நினைத்துப் பாருங்கள். பேலியகொடையில் இறங்கி, தெமட்டகொட, பொரளை, நாரஹேன்பிட்டி, கிருலப்பனை, அங்கிருந்து ஹைலெவலில் ஏறி நுகேகொட, மஹரகம. அந்த நாலு வீதிகளில் இரண்டில் உங்கள் சக்கரம் உருள்கிறது. இரவெல்லாம் ஓடி, விடிய நெரிசல் நேரத்தில் சரியாக அங்கே போய்ச் சேர்கிறீர்கள். கண் எரியும், பின்னால் இருப்பவன் ஹோர்ன் அடிப்பான், இடப்பக்கம் காலியாகத் தெரியும். அந்த நேரத்தில் காலியான லேனைப் பார்த்தால் அது நமக்காகத்தான் கிடக்கிறது என்று தோன்றும். பஸ் வருவதற்காகக் கிடக்கிறது என்று தோன்றாது.

இனி இப்படிப் பழகுங்கள். முதலில் கோட்டைப் பாருங்கள். தொடர் கோடு என்றால் தாண்டக்கூடாது, விட்டு விட்டுப் போட்ட கோடு என்றால் தேவைக்குத் தாண்டலாம். அடுத்து தரையில் எழுதியிருப்பது. அப்புறம் பலகை. பலகையில் நேரம் போட்டிருந்தால் அந்த நேரத்துக்கு மட்டும்தான் தடை. இடத்தில் நிற்கும் பொலிஸ்காரர் கையைக் காட்டி ‘இதால் போ’ என்றால் கோடு, பலகை எல்லாவற்றுக்கும் மேலே அவர் சைகைதான்.

தண்டச் சீட்டை 14 நாளுக்குள் தபாலகத்தில் கட்டிவிடுங்கள். வெளியூர்க்காரனுக்குத் தண்டப்பணம் பெரிதில்லை, லைசன்ஸ் அங்கேயே தங்கிப்போவதுதான் பெரிது. 2009 இல் நானும் ஒரு லைசன்ஸை எடுப்பதற்காக மட்டும் இரவு பஸ் ஏறிக் கொழும்பு போய் வந்தேன். சிக்னலில் மஞ்சளுக்குப் போன குற்றம். பஸ் காசும் சாப்பாடும் தண்டப்பணத்தைத் தாண்டிவிட்டன.

ஓட்டோ பஸ் லேனில் போகலாமா, கூடாதா? ஒருவர் ஒன்று சொல்கிறார். (ஏறாவூர்)

ஆளுக்கொன்று சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. 2020 இல் முதலில் ஓட்டோவையும் மோட்டார் சைக்கிளையும் பஸ்ஸோடு சேர்த்து இடது லேனில்தான் போகச் சொன்னார்கள். பெரிய சத்தம் எழும்பியது. பஸ்ஸுக்கு முன்னால் ஓட்டோ ஊர்ந்தால் பஸ்ஸுக்கு லேன் எதற்கு? ஓட்டோவுக்குச் சட்டம் வைத்த உச்ச வேகமே மணிக்கு 40 கிலோமீற்றர்தானே. கொஞ்ச நாளில் அவர்களை அடுத்த லேனுக்கு மாற்றினார்கள். முதல் வாரச் செய்தியை மட்டும் கேட்டவர் போகலாம் என்பார், பிறகு கேட்டவர் கூடாது என்பார். ஏறாவூரில் இருந்துகொண்டு இதற்குச் சண்டை பிடிக்க வேண்டாம். கொழும்பில் ஓட்டோ ஓட்டப் போகிறீர்களென்றால் அந்த வீதிப் பலகையில் எந்த வாகனத்தின் படம் இருக்கிறதோ அதுதான் விடை.

மகன் லண்டனில் இருக்கிறான். நாங்கள் போயிருந்தபோது இரவு ஒன்பது மணிக்கும் அந்தச் சிவப்பு நிற லேனுக்குள் இறங்கமாட்டேன் என்று நெரிசலில் நின்றான். முன்பு நான் அங்கே வேலை செய்த காலத்தில் காலையும் மாலையும் மட்டும்தான் தடை. பையன் வீணாகப் பயப்படுகிறானா? (கல்முனை, ஓய்வுபெற்ற ஆசிரியர்)

சேர், நீங்கள் சொல்வதும் சரி, மகன் செய்ததும் சரி. உங்கள் காலத்தில் நீலப் பலகையின் அடியில் காலை இத்தனை மணி முதல், மாலை இத்தனை மணி வரை என்று இருந்திருக்கும். அந்த நேரத்துக்கு வெளியே யாரும் போகலாம். 2020 இல் லண்டனின் முக்கிய வீதிகளில், அவர்கள் ‘சிவப்புப் பாதை’ என்று சொல்கிற வலைப்பின்னலில், பஸ் லேன்களை 24 மணி நேரமும் நடைமுறைப்படுத்திச் சோதித்தார்கள். 2021 டிசம்பரில் அதை நிரந்தரமாக்கினார்கள். மாநகர சபைகளின் கீழுள்ள வீதிகளில் பழைய மாதிரி நேரம் போட்ட பலகைகள் இன்னும் இருக்கின்றன. ஆகவே ஒரே பயணத்தில் ஒரு சந்திவரை இரவு ஒன்பதுக்குப் போகலாம், அடுத்த சந்தியிலிருந்து போகக்கூடாது என்று வரும். பலகையில் நேரமே இல்லையென்றால் நாள் முழுக்கத் தடை என்று அர்த்தம். நம் ஆட்கள் பலர் இதைத் தலைகீழாக விளங்கிக்கொள்கிறார்கள்: நேரம் போடவில்லை, அப்படியென்றால் கட்டுப்பாடில்லை என்று.

நிறத்தைப் பார்த்து முடிவெடுக்க வேண்டாம் என்று மகனுக்குச் சொல்லுங்கள். சிவப்புப் பூச்சு கண்ணுக்கு எச்சரிக்கை மட்டும்தான். பூச்சில்லாத சாதாரணத் தாரிலும் பஸ் லேன் இருக்கும். சட்டம் நிற்பது பலகையிலும் அந்தத் தடித்த வெள்ளைக் கோட்டிலும்தான். லேன் தொடங்கும் இடத்தில் விட்டு விட்டுப் போட்ட கோடு சரிந்து வந்து உங்களை வலப்பக்கம் தள்ளும், பிறகு தடித்த தொடர் கோடு, பக்க வீதி வரும் இடங்களில் அது மறுபடி அறுபடும்.

அங்கே பொலிஸ் மறிப்பதில்லை, கமராதான். கடிதம் வாகனம் யார் பெயரில் பதிவாகியிருக்கிறதோ அவர் வீட்டுக்கு வரும். 2022 ஜனவரியில் சிவப்புப் பாதைகளில் அந்தத் தண்டத்தை 130 பவுணிலிருந்து 160 ஆக்கினார்கள். 14 நாளுக்குள் கட்டினால் பாதி. மருமகன் காரை இரவல் வாங்கி ஓட்டிய ஒருவர், கடிதம் வந்த அன்றுதான் மருமகனுடன் பேசுவதை நிறுத்தினார். பெயர் சொல்லமாட்டேன், அவரும் இதை வாசிப்பார்.

அதே லண்டனில் மினிகாப் ஓட்டுகிறேன். டாக்ஸி என்று பலகையில் எழுதியிருக்கிறது, நான் போகலாம்தானே? (ஊர் வந்தாறுமூலை, இப்போது ஈஸ்ட்ஹாம்)

கூடாது. அந்தச் சொல் கறுப்பு டாக்ஸிக்கு. முன்பதிவில் ஓடும் மினிகாப்புக்கு இல்லை.

பஸ் லேன் ஓடுகிற வீதியில் இடப்பக்கம் திரும்ப வேண்டுமென்றால் எப்படித் திரும்புவது? பஸ் லேனைத் தாண்டாமல் முடியாதே! (அக்கரைப்பற்று)

இந்தக் கேள்வியை யாராவது கேட்கமாட்டார்களா என்று காத்திருந்தேன். தண்டச் சீட்டைவிட விபத்து அதிகமாக விளையும் இடம் இது.

தாண்டலாம், ஆனால் கோடு அறுபடும் இடத்தில். சந்திக்குக் கொஞ்சம் முன்னால் தொடர் கோடு முடிந்து விட்டு விட்டுப் போட்ட கோடாக மாறும், பல இடங்களில் தரையில் இடப்பக்க அம்புக்குறியும் இருக்கும். அதற்கு முன்பே லேனுக்குள் இறங்கி நூறு மீற்றர் பஸ்போல ஓடினால் அது குற்றம். கடைசி நொடியில், வெளி லேனில் நின்றபடியே குறுக்கே வெட்டித் திரும்பினால் அது அதைவிட மோசம். கண்ணாடியைப் பாருங்கள், சிக்னலைப் போடுங்கள், மறுபடி கண்ணாடியைப் பாருங்கள். இரண்டாம் முறை பார்ப்பது பஸ்ஸுக்காக இல்லை, பஸ் பெரிதாகத் தெரியும். பஸ்ஸுக்கு முன்னாலோ பின்னாலோ ஒட்டிக்கொண்டு வருகிற சைக்கிள்காரனுக்காக. பல நாடுகளில் பஸ் லேனுக்குள் சைக்கிளுக்கும் அனுமதி உண்டு.

பஸ்ஸைப் பற்றி ஒரு கணக்கு. மணிக்கு 40 கிலோமீற்றரில் வருகிற பஸ் ஒரு நொடியில் 11 மீற்றர் தாண்டும். ‘ஒன்று, இரண்டு’ என்று சொல்லி முடிப்பதற்குள் 22 மீற்றர். நீங்கள் தயங்கித் தயங்கி மூக்கை நுழைக்கும் நேரம் அதைவிடக் கூட. சாரதி பிரேக்கை மிதித்துவிடுவார், சரி. உள்ளே கம்பியைப் பிடித்து நிற்கிற அம்மாவின் கதி? உங்கள் காரில் ஒரு கீறலும் இருக்காது, அவருக்குப் பல் உடைந்திருக்கும். பஸ் கிட்ட வந்துவிட்டதென்றால் விடுங்கள், அது போகட்டும், அதன் பின்னால் திரும்புங்கள்.

பின்னால் 1990 அம்புலன்ஸ் (அந்த இலக்கத்துக்கு அழைத்தால் வருவது) சைரன் போட்டுக்கொண்டு வந்தால் பஸ் லேனுக்குள் ஒதுங்கலாமா? (சம்மாந்துறை)

கொழும்பில் ஒதுங்குங்கள். பயப்படாமல் சிக்னல் போட்டு, மெதுவாக. அம்புலன்ஸ் போனதும் திரும்ப உங்கள் லேனுக்கு வந்துவிடுங்கள், அதன் வாலைப் பிடித்துக்கொண்டு ஓடுவது வேறு கதை. பிரித்தானியாவில் மட்டும் யோசிக்க வேண்டும், அங்கே அம்புலன்ஸுக்கு வழிவிடும்போதும் வீதிச் சைகைகளைக் கடைப்பிடி என்றுதான் நெடுஞ்சாலைக் கோவை சொல்கிறது. சிவப்பு விளக்கைத் தாண்டியோ பஸ் லேனுக்குள் இறங்கியோ வழிவிட்டால், அம்புலன்ஸுக்காகத்தான் போனீர்கள் என்று கமராவுக்குத் தெரியாது.

என் கடைக்கு முன்னால் வீதியில் பஸ் நிறுத்தம் என்று மஞ்சளில் எழுதிப் பெட்டி போட்டுவிட்டார்கள். பத்து நிமிடத்துக்கு ஒருக்கால்தான் பஸ் வருகிறது. இடையில் வாடிக்கையாளர் மோட்டார் சைக்கிளை நிறுத்தினால் என்ன குறைந்துவிடும்? (காத்தான்குடி, துணிக்கடை உரிமையாளர்)

கோபம் புரிகிறது நானா. ஆனால் ஒரு நாள் கல்லாவை விட்டு எழும்பி வாசலில் நின்று பாருங்கள். நான் பார்த்ததைச் சொல்கிறேன். பெட்டிக்குள் இரண்டு மோட்டார் சைக்கிள், ஒரு ஓட்டோ. கல்முனை பஸ் வந்தது. ஓரத்துக்கு வர இடமில்லை, நடு வீதியில் நின்றது. பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு பெண் முன் கதவால் இறங்கினார். மிதிபலகைக்கும் ஓட்டோவுக்கும் இடையில் ஒரு ஆள் அகலம். அந்த இடைவெளிக்குள் இடப்பக்கமாகப் பஸ்ஸை முந்திக்கொண்டு ஒரு பையன் மோட்டார் சைக்கிளில் வந்தான். ஹேண்டில் அந்தப் பிள்ளையின் செருப்பைத் தட்டிக்கொண்டு போனது. செருப்பு ஓட்டோவுக்கு அடியில். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அந்தப் பெண் குனிந்து செருப்பைத் தேடியபோது பஸ் கிளம்பிவிட்டது.

அந்த மஞ்சள் பெட்டி பஸ்ஸுக்கு என்று நினைக்கிறோம். இறங்குகிறவர் காலை வீதியில் வைக்காமல் நடைபாதையில் வைப்பதற்காகத்தான் அது. பஸ் பத்து நிமிடத்துக்கு ஒருக்கால் வந்தாலும் அந்த இடம் வெறுமையாக இருந்தால்தான் வேலை செய்யும். உங்கள் வீதியில் பேரீச்சை நட்ட நடுத்தட்டு வேறு இருக்கிறது, நின்ற பஸ்ஸைத் தாண்ட எதிர்ப்பக்கம் போகவும் வழியில்லை, பின்னால் வரிசை நீளும். வாடிக்கையாளருக்குப் பக்கத்துக் குறுக்கு வீதியைக் காட்டுங்கள். நம் ஒழுங்கை, பழைய அர்த்தத்தில்.

அந்தப் பையனைப் போல இடப்பக்கமாக முந்துவதைப் பற்றித் தனியாக இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். நிற்கிற பஸ்ஸை இடப்பக்கம் முந்துவதற்கு எந்த விளக்கமும் இல்லை. கூடாது, அவ்வளவுதான்.

மட்டக்களப்பு நகரத்துக்குப் பஸ் லேன் வேண்டும் என்று நாம் கேட்கக்கூடாதா? கல்லடிப் பாலத்தில் மாலையில் நிற்க முடியவில்லை. (நாவற்குடா, பல்கலைக்கழக மாணவி)

கேட்கலாம், ஆனால் நான் கேட்கமாட்டேன். பஸ்ஸுக்கு ஒரு லேன் ஒதுக்க வேண்டுமென்றால் ஒரு திசைக்குக் குறைந்தது இரண்டு லேன் வேண்டும். கல்லடியில் போக ஒன்று, வர ஒன்று. பஸ்ஸுக்குக் கொடுத்துவிட்டு மற்றவர்கள் வாவியில் நீந்துவதா? 1928 இல் கட்டிய பழைய பாலத்தில் இருந்ததே ஒரு வாகன அகலம்தான். இந்தப் பக்கத்து வாகனம் போய் முடியும்வரை அந்தப் பக்கம் நிற்கும். 2013 மார்ச்சில் புதுப் பாலம் திறந்தபோது முதல் நாள் நான் காரணமில்லாமல் மூன்று தடவை போய் வந்தேன், எதிரே லொறி வருகிறது, ஆனாலும் நான் நிற்கவில்லை என்ற சந்தோஷத்துக்காக.

நமக்கு முதலில் வேண்டியது பஸ் ஒதுங்கி நிற்கிற குடாக்கள். கோட்டுக்கு வெளியே பஸ் நின்றால் பின்னால் வருகிறவன் நிற்க வேண்டியதில்லை. இரண்டாவது, இ.போ.ச. (இலங்கைப் போக்குவரத்துச் சபை) பஸ்ஸும் தனியார் பஸ்ஸும் ஒரே நிறுத்தத்துக்குப் போட்டி போட்டு ஓடுவதை நிறுத்த நேர அட்டவணை. ஒருவர் பின்னால் ஒருவர் வர வேண்டியவர்கள் பக்கத்தில் பக்கத்தில் வந்தால், எட்டு லேன் போட்டாலும் எட்டையும் அடைப்பார்கள். பாலத்துக்கு மாலையில் நிற்க நேர்வது பஸ்ஸால் இல்லை தங்கச்சி. அரசடிப் பக்கமிருந்தும் நகரத்திலிருந்தும் வருகிற எல்லோரும் ஐந்து மணிக்கு ஒரே பாலத்தில் ஏறுகிறோம், அதில் முக்கால்வாசி மோட்டார் சைக்கிளில் ஓராள்.

லேர்னர்ஸ் பரீட்சையில் இரட்டை வெள்ளைக் கோட்டில் ஒன்று தொடர், மற்றது விட்டு விட்டு என்று படம் வந்தது. குழம்பிவிட்டேன். (வாழைச்சேனை)

உங்களுக்குக் கிட்ட இருக்கிற கோட்டை மட்டும் பாருங்கள். கிட்ட இருப்பது தொடர் கோடென்றால் முந்துவதற்காகத் தாண்டக்கூடாது. கிட்ட இருப்பது விட்டு விட்டுப் போட்டதென்றால், எதிரே வீதி தெளிவாகத் தெரிந்தால் தாண்டலாம். இரண்டும் தொடரென்றால் இரண்டு பக்கத்தாருக்கும் தடை. ஓட்டமாவடி போய் வருகிற வழியில் ஒரு வளைவில் வண்டியை ஓரமாக நிறுத்தி, இறங்கிக் கோட்டைப் பாருங்கள். வளைவுக்குள் நுழைகிறவருக்குத் தொடர் கோடு, வளைவை விட்டு வெளியேறுகிறவருக்கு அறுந்த கோடு என்று மாறும். ஒருமுறை காலால் நடந்து பார்த்தவருக்குப் பரீட்சைப் படம் மறக்காது.