ஸ்கார்பியா சாத்திய ஜன்னல்

அன்புள்ள ஐயா,

இத்தாலிய இசையமைப்பாளர் புச்சினியின் 'டோஸ்கா' என்ற ஓபராவின், அதாவது இசை நாடகத்தின், மேடைப் பதிவு ஒன்றைக் கணினியில் பார்த்தேன். காமிரா பாடகியின் முகத்தருகே இருக்கும்போதும் குரல் எங்கோ தொலைவிலிருந்து வருகிறது. காலடியோசை வேறு. ஸ்டுடியோவில் முன்பே பதிவுசெய்து, மேடையில் வாயசைக்க வைத்தால் என்ன? நல்ல ஹெட்ஃபோன் ஒன்றையும் பரிந்துரையுங்கள்.

அன்புள்ள நண்பருக்கு,

ஹெட்ஃபோனைக் கடைக்காரரிடம் கேளுங்கள். வாயசைப்பை நான் இழிவாக நினைக்கவில்லை. திரைப்பட இயக்குநர் இங்மர் பெர்க்மன் சுவீடன் தொலைக்காட்சிக்கு எடுத்து 1975இல் ஒளிபரப்பான 'மாயப் புல்லாங்குழல்' ஓபரா அப்படி உருவானதுதான். ஆனால் அது ஸ்டுடியோவில் எடுத்த திரைப்படம். உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்தியது 'தொலைவிலிருந்து' என்ற சொல். நீங்கள் குறையென்று எழுதிய அதையேதான் சில வாரங்களாக நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

வியன்னா அரசு ஓபரா அரங்கில், 1958 முதல் மேடையேறிவரும் 'டோஸ்கா'வை, நின்று பார்ப்பவர்களுக்கான மேல்தளத்திலிருந்து ஒருமுறை பார்த்தேன். பாடகி கட்டைவிரல் அளவே தெரிந்தார். ஒலிபெருக்கி இல்லாமல் அத்தனை வாத்தியங்களையும் தாண்டி அவர் குரல் என்னிடம் வந்தது. இசைக்குழுவைத் தாண்டிக் கேட்குமாறு பல ஆண்டுகள் பழக்கப்பட்ட குரல் அது. ஒரு கட்டத்தில் அவர் முதுகைத் திருப்பி மேடையின் உட்புறம் நடந்தபோது குரல் மங்கியது. என்னையறியாமல் கம்பியைப் பிடித்து முன்னே சாய்ந்தேன். பின்னர் வேறோர் அரங்கின் பதிவில் அதே இடத்தைக் கேட்டேன். தலைமுடிக்குள் ஒளித்த மைக்கின் தயவால், முதுகைத் திருப்பிய பிறகும் குரல் இம்மியும் மாறவில்லை. அவர் விலகிப் போனதே எனக்குக் கேட்கவில்லை.

இரண்டாம் அங்கத்தைக் கவனித்தீர்களா? காவல்துறைத் தலைவன் ஸ்கார்பியா தன் அறையில் விசாரணை நடத்துகிறான். ஜன்னலுக்கு வெளியே, அதே மாளிகையின் வேறொரு பகுதியில், கதாநாயகியான பாடகி டோஸ்காவும் பாடகர் குழுவும் பாடுவது கேட்கிறது. எரிச்சலில் அவன் ஜன்னலைச் சாத்த, பாட்டு அறுபடுகிறது. தொலைவையே புச்சினி இசையாக எழுதியிருக்கிறார். ரோமின் விடியற்கால மணியோசையை நேரில் போய்க் கேட்டுவந்து மூன்றாம் அங்கத்தை அமைத்தவர் அவர். அந்தப் பாட்டைக் காதருகே கொண்டுவந்தால், சாத்துவதற்கு ஜன்னல் ஏது?

நல்ல ஒலிப்பதிவாளர் மேடை விளிம்பிலும் இசைக்குழுவின் மேலும் வைத்த மைக்குகளையே முதலில் நம்புவார். முடிக்குள் இருப்பதைச் சொல் தெளிவுக்காகக் கொஞ்சம் சேர்ப்பார். 15 மீட்டர் உள்ளே நிற்பவரின் குரல் விளிம்பை எட்ட ஏறத்தாழ 44 மில்லி விநாடி ஆகும் என்பதால், அருகிலுள்ள மைக்கின் ஒலியை அந்த அளவு தாமதப்படுத்தி இரண்டையும் இசைய வைப்பார். காமிரா எங்கே தாவினாலும் காது ஓர் இருக்கையிலேயே அமர்ந்திருக்க வேண்டும் என்பதற்காகத்தான் இத்தனை உழைப்பும். அதைப் பிழையென்று எழுதுமுன் ஒரு நாடகத்தையாவது அரங்கின் கடைசி வரிசையிலிருந்து கேட்டிருக்க வேண்டாமா நீங்கள்?

1992இல் ரோமில் கதை நிகழும் இடங்களிலேயே 'டோஸ்கா'வை நேரலையாகப் படமாக்கினார்கள். இசையை நடத்திய சுபின் மேத்தாவும் இசைக்குழுவும் வேறிடத்தில் ஒரு ஸ்டுடியோவில் இருக்க, தேவாலயத்திலும் மாளிகையிலும் கோட்டையிலும் நின்று பிளாசிடோ டொமிங்கோவும் மற்றவர்களும் பாடினார்கள். உதடசைப்பதே எளிது என்று அவர்களுக்குத் தெரியாதா என்ன?

உங்கள் பதிவை இரண்டாம் அங்கத்திலிருந்து மறுபடி கேளுங்கள். ஜன்னலுக்கு வெளியிலிருந்து வரும் பாட்டு மெலிதாக ஒலிக்கும்போது மட்டும் தயவுசெய்து ஒலியைக் கூட்டாதீர்கள்.