அணை மட்டமும் வாட்ஸ்அப் குரலும்

கேள்வி: மழை வலுத்தால் போதும், "பாபநாசம் அணை 150 அடியைத் தாண்டிடுச்சு, இன்னைக்கு ராத்திரி உடையப் போகுது" என்று யாரோ பேசிய பதிவு வாட்ஸ்அப்பில் வந்துவிடுகிறது. அத்தை உடனே நெல் மூட்டையை மச்சுக்கு ஏற்றச் சொல்கிறார். சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் அனுப்பவும் சொல்கிறார். எதை நம்புவது?
– ஒரு வாசகி, சேரன்மகாதேவி

பதில்: முதலில், அத்தையைக் கோபித்துக்கொள்ளாதீர்கள் அம்மா. 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. தாமிரபரணி நெல்லை ஜங்ஷனுக்குள்ளேயே வந்தது. அதைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பயம் வரத்தான் செய்யும்.

நான் பாளையங்கோட்டையில் நூலகராக இருந்தபோது ஒரு பெரியவர் தினமும் கதவு திறக்கும் முன்பே வந்து நிற்பார். கார் பருவ நெல் சாகுபடிக்கு நாற்றுப் பாவலாமா என்று அவருக்குத் தெரிய வேண்டும். பேப்பரை எடுத்ததும் தேதியைப் பார்ப்பார். அப்புறம்தான் அணை மட்டம். முந்தின நாள் குறித்த துண்டுச்சீட்டைப் பக்கத்தில் வைத்து, ஏறியிருக்கிறதா இறங்கியிருக்கிறதா என்று விரலால் தொட்டுப் பார்ப்பார். டீக்கடையில் யார் என்ன சொன்னாலும் அந்தச் சீட்டைப் பார்க்காமல் வயலில் இறங்க மாட்டார்.

உங்களுக்கு வந்த பதிவையும் அப்படிப் பாருங்கள். "இன்னைக்கு ராத்திரி" என்றால் எந்த ராத்திரி? தேதி சொல்லாத குரல் எத்தனை வருஷம் வேண்டுமானாலும் சுற்றும். பேசுகிறவர் யார், அணையில் அவருக்கு என்ன வேலை? அதுவும் இல்லை. அப்புறம் அந்த 150 அடி. பாபநாசம் அணையின் முழு உயரமே 143 அடிதான். பக்கத்து அணைகளில் சேர்வலாறு 156, மணிமுத்தாறு 118. இந்த மூன்று எண்களும் தெரிந்திருந்தால் பதிவு பாதியிலேயே பிடிபட்டிருக்கும். உபரி நீர் திறப்பதும் அணை உடைவதும் ஒன்றல்ல என்பதையும் அத்தைக்கு நிதானமாகச் சொல்லுங்கள். சந்தேகம் தீரவில்லையா, மாவட்டக் கட்டுப்பாட்டு அறைக்கு 1077-இல் கூப்பிட்டுக் கேளுங்கள்.

மழை நிஜமாகவே வலுத்தால் மூட்டையை ஏற்றிவிடுங்கள், அதில் நஷ்டமில்லை. பதிவை மட்டும் யாருக்கும் அனுப்பாதீர்கள். கைக்குழந்தையோடு ஒருத்தி அதை நம்பி நடுராத்திரி வெள்ளத்தில் இறங்கிவிடக் கூடாது.

காலையில் பேப்பர் வந்ததும் தேதியையும் அணை மட்டத்தையும் வாசிக்கும் வேலையை அத்தையிடமே கொடுங்கள். மூன்று அணைகளின் உயரத்தையும் 1077-ஐயும் பழைய காலண்டர் அட்டையின் பின்னால் பெரிய எழுத்தில் எழுதி, அவர் உட்காரும் இடத்துக்கு எதிரே மாட்டிவையுங்கள்.