வாசகர் கேள்விகள்: சுவர் திறந்த ஆண்டு

கேள்வி: 1989இல், கிழக்கு ஜெர்மானியர்கள் மேற்கே போகாதபடி தடுத்துவந்த பெர்லின் சுவர் திறந்தது ஒருவர் வாய் தவறிச் சொன்ன சொல்லால்தான் என்கிறார்களே, உண்மையா?

பதில்: வாய் தவறியது உண்மை. நவம்பர் 9 அன்று மாலை, கிழக்கு ஜெர்மனியின் ஆளுங்கட்சித் தலைவர்களில் ஒருவரான குந்தர் ஷபோவ்ஸ்கி, செய்தியாளர் கூட்டம் முடியும் தறுவாயில், தம்மிடம் தரப்பட்டிருந்த தாளை எடுத்து, குடிமக்கள் இனி எளிதாக வெளிநாடு செல்லலாம் என்ற புதிய விதியைப் படித்தார். அது மறுநாள்தான் நடைமுறைக்கு வரவேண்டும் என்பதை அவர் அறிந்திருக்கவில்லை. எப்போதிலிருந்து என்று செய்தியாளர்கள் கேட்டதும், தாள்களைப் புரட்டிவிட்டு, தமக்குத் தெரிந்தவரை உடனடியாக என்றார். செய்தி கேட்ட மக்கள் எல்லைச் சாவடிகளில் திரண்டார்கள். மேலிடத்திலிருந்து தெளிவான உத்தரவு கிடைக்காத நிலையில், போர்ன்ஹோல்மர் தெருச் சாவடி அதிகாரி ஹரால்ட் யேகர் இரவு பதினொன்றரை மணியளவில் தடுப்பைத் திறக்கச் சொன்னார்.

ஆயினும் அந்த ஒரு சொல்லையே காரணமாகக் காட்டுவது, அதற்கு முன் உயிரைப் பணயம் வைத்துத் தெருவில் இறங்கியவர்களுக்கு இழைக்கும் அநீதி. செப்டம்பர் 11 முதல் ஹங்கேரி தன் எல்லை வழியாகக் கிழக்கு ஜெர்மானியர்களை மேற்கே செல்லவிட்டதால், சுவரின் பயன் பாதி போய்விட்டது. அக்டோபர் 9 அன்று கிழக்கு ஜெர்மனியின் லைப்சிக் நகரில், துப்பாக்கிச் சூடு நடக்கும், மருத்துவமனைகள் அதற்காகத் தயாராகின்றன என்ற பேச்சு பரவியிருந்தும், ஏறத்தாழ 70,000 பேர் ஆட்சியை எதிர்த்து ஊர்வலம் போனார்கள், யாரும் சுடவில்லை. என் கணிப்பில், அந்த ஆண்டைத் திருப்பிய இரவு அதுதான்.

கேள்வி: அதே ஆண்டில் சீனாவில் ஜனநாயகம் கேட்டு நடந்த போராட்டம் தோற்றது ஏன்?

பதில்: போலந்தோடு ஒப்பிட்டால் விளங்கும். ஜூன் 4 அன்று அங்கே தொடங்கிய தேர்தலின் முடிவில், கம்யூனிஸ்ட் அரசை எதிர்த்த தொழிற்சங்க இயக்கமான சாலிடாரிட்டி கீழவையில் போட்டிக்குத் திறந்துவிடப்பட்ட 161 இடங்களையும், மேலவையின் 100 இடங்களில் 99ஐயும் வென்றது. அதே நாளில் பெய்ஜிங்கில், தியனான்மென் சதுக்கத்தைச் சுற்றிய தெருக்களில் இராணுவம் தன் மக்களையே சுட்டுக்கொன்றது. போலந்து அரசு இறுதியில் நம்பியிருந்தது சோவியத் படையை. 1956இல் புடாபெஸ்டுக்கும் 1968இல் பிராகுக்கும் டாங்கிகளை அனுப்பிய மாஸ்கோ, சோவியத் தலைவர் கோர்பச்சேவின் காலத்தில் அனுப்ப மறுத்தது. சீனக் கட்சிக்கோ சொந்தப் படை இருந்தது, அதை ஏவ, நாட்டின் உச்சத் தலைவராக இருந்த டெங் சியாவோபிங் தயங்கவில்லை. அதை எதிர்த்த கட்சிப் பொதுச்செயலாளர் ஜாவ் சியாங் பதவி இழந்து, 2005இல் இறக்கும்வரை வீட்டுக்காவலில் வைக்கப்பட்டார்.

கேள்வி: கிழக்கு ஐரோப்பாவில் எங்குமே இரத்தம் சிந்தவில்லையா?

பதில்: ருமேனியாவில் சிந்தியது. சோவியத் படை 1958இலேயே வெளியேறிவிட்ட அந்நாட்டில், அதிபர் சவுசெஸ்கு தம் சொந்தப் படைகளைக் கொண்டே டிசம்பரில் திமிஷோரா நகர மக்களைச் சுடச் செய்தார். 22ஆம் தேதி இராணுவம் மக்கள் பக்கம் சாய்ந்ததும் ஹெலிகாப்டரில் தப்பியவர் பிடிபட்டு, அவசர விசாரணைக்குப் பின் 25ஆம் தேதி மனைவியுடன் சுட்டுக்கொல்லப்பட்டார். உயிரிழந்த ஆயிரத்துக்கும் மேற்பட்டோரில் பெரும்பாலோர், அவர் தப்பியோடிய பிறகு நடந்த குழப்பமான துப்பாக்கிச் சண்டைகளில் மாண்டவர்கள்.