கழுத்து வளையம் இல்லாத கள்ளிப்புறா: குஞ்சா, நோயா?

கேள்வி: தோட்டத்தில் மேயும் கள்ளிப்புறாக்களில் இரண்டுக்குக் கழுத்தில் கறுப்பு வளையம் இல்லை. அருகில் போனாலும் சட்டென்று பறப்பதில்லை. வேறு இனமா, நோய் கண்டவையா?

பதில்: பெரும்பாலும் குஞ்சுகளாகத்தான் இருக்கும். கள்ளிப்புறா கூட்டை விட்டு இறங்கும்போது அந்தக் கறுப்பு அரைவளையம் இருக்காது. முதல் இறகுகள் உதிர்ந்து புதியவை முளைக்கையில் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரியவரும்.

ஆனாலும் கழுத்தை மட்டும் நம்ப வேண்டாம். இறகு உதிர்க்கும் பெரிய புறாவின் வளையமும் கலைந்து தெரியலாம். நான் முதலில் பார்ப்பது முதுகையும் இறக்கையையும். வளர்ந்த கள்ளிப்புறாவுக்கு முதுகு ஒரே சீரான சாம்பல் பழுப்பு. குஞ்சுக்கோ ஒவ்வோர் இறகின் ஓரத்திலும் வெளிறிய கோடு இருப்பதால், மீன் செதில் அடுக்கியதுபோல் தோன்றும். அடுத்து கண்ணும் காலும்: பெரியதற்குக் கண் சிவப்பு, கால் சிவப்பு, குஞ்சுக்குக் கண் பழுப்பு, கால் மங்கல். தலையில் மஞ்சள் தூவி இழைகள் நீட்டிக்கொண்டிருந்தால் அது கூட்டை விட்டு வந்து அதிக நாளாகவில்லை.

புள்ளிப்புறாவுக்கு இந்த இறக்கைக் கணக்கு சரிவராது. வளர்ந்ததற்கே இறக்கையில் புள்ளிகள் உண்டு என்பதால் அங்கே கழுத்துதான் நல்ல சாட்சி: வெள்ளைப் புள்ளி தெளித்த கறுப்புப் பட்டை குஞ்சுக்கு இராது. ஆணின் உடல் செங்கல் நிறமாக இருக்கும் சிறிய தவிட்டுப்புறாவில் பெண் பழுப்பாக இருப்பதால், பலர் அதைக் குஞ்சு என்று எண்ணிவிடுகிறார்கள். பெண்ணுக்கு வளையம் உண்டு.

பறக்கத் தயங்குவது குஞ்சின் அனுபவமின்மை. கழுத்துக்குக் கீழே இரைப்பை புடைத்திருந்தால் அதைக் கட்டி என்று பயப்பட வேண்டாம், வயிறார உண்டிருக்கிறது. இறகைச் சிலிர்த்துக்கொண்டு கண்மூடி ஒடுங்கியிருப்பது, வாய்க்குள் மஞ்சள் படிவு, ஆசனவாயில் ஒட்டிய எச்சம் ஆகியவைதான் நோய்க்குறிகள். வாய்ப்படிவு நோய் தண்ணீர் வழியாகப் பரவக்கூடியது. வளர்ப்புப் புறாவோ கோழியோ வைத்திருந்தால் காட்டுப்புறா குடிக்கும் தொட்டியைத் தினமும் கழுவுங்கள்.

நலமாக இருக்கும் குஞ்சைப் பிடித்து வந்து பாலோ சோறோ ஊட்டாதீர்கள். கூட்டை விட்ட பிறகும் சில நாட்கள் தாயும் தந்தையும் இரை கொடுக்கும். பூனை நடமாட்டம் இருந்தால் மட்டும் எடுத்து அருகிலுள்ள கிளையில் வைத்துவிட்டு விலகுங்கள்.