மாஸ்ட்ரிக்ட் ஃப்ரைட்ஹோஃப் சதுக்கத்தில் பேசுவது டச்சுதானா? டச்சு படித்தும் ஏன் புரிவதில்லை?

கேள்வி கேட்டவர் அடிப்படை டச்சு படித்தவர், நெதர்லாந்தின் தெற்கே லிம்பர்க் மாகாணத்தில் உள்ள மாஸ்ட்ரிக்ட்டில் சில நாள் தங்கப் போகிறவர். ஃப்ரைட்ஹோஃப் சதுக்கத்துக் காபிக் கடைகளில் பக்கத்து மேசைப் பேச்சு பிடிபடுவதில்லை என்று பலர் சொல்லக் கேட்டிருக்கிறார். அவர்கள் சொல்வது சரிதான். ஆனால் புரியாமல் போவதற்குக் காரணம் சொற்கள் வேறு என்பதல்ல. பாதிக்கு மேல் நீங்கள் படித்த சொற்களேதான், உயிரொலி மட்டும் இடம் மாறியிருக்கிறது. அந்த மாற்றத்துக்கு ஒழுங்கு உண்டு, ஒரு மாலையில் பழகிவிடலாம். மிச்சம் இருப்பது சுருதி. அதற்குத்தான் நாளாகும்.

முதலில், இது டச்சா என்பது. ஊர்க்காரர்கள் தங்கள் ஊரை மெஸ்ட்ரேஹ் என்பார்கள், பேச்சை மெஸ்ட்ரேஹ்ஸ் என்பார்கள். இது லிம்பர்கிய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்த நகர வழக்கு. நெதர்லாந்து அரசு 1997-இல் ஐரோப்பிய மொழிச் சாசனத்தின் இரண்டாம் பகுதியின் கீழ் லிம்பர்கியத்தை வட்டார மொழியாக ஏற்றது. பொது டச்சு மேற்கேயிருந்த ஹாலந்து, பிரபாண்ட் வழக்குகளிலிருந்து உருவானது. மெஸ்ட்ரேஹ்ஸ் அதிலிருந்து சிதைந்து வந்ததல்ல. இரண்டும் பங்காளிகள், தாயும் பிள்ளையும் அல்ல.

இனி ஒலி மாற்றம். பொது டச்சில் 'ஐ' போல ஒலிக்கும் இடத்தில் இங்கே பழைய 'ஈ' அப்படியே நிற்கிறது. திராட்சை மது டச்சில் வைன், இங்கே வீன். காலம் டச்சில் டைட், இங்கே டீட். இதே விதியில் ஃப்ரைட்ஹோஃப் இவர்கள் வாயில் ஃப்ரீட்ஹோஃப் ஆகிறது. 'ஔ' சாயலில் வரும் டச்சு ஈருயிர் (இரண்டு உயிர் இணைந்த ஒலி) இங்கே 'ஊ': வீடு டச்சில் ஹௌஸ், இங்கே ஹூஸ். வெளியே என்பது ஔட், இங்கே ஊட். நெடில் 'ஆ' பல சொற்களில் வாயைத் திறந்து சொல்லும் 'ஆ'வுக்கும் 'ஓ'வுக்கும் இடைப்பட்ட ஒலியாகிறது. ஆண்டு யார், இங்கே ஏறத்தாழ யோர். தெரு ஸ்ட்ராட், இங்கே ஸ்ட்ரோட். மாஸ் நதிகூட மோஸ்தான். சொல் முடிவில் வரும் 'ட்' அடிக்கடி விழுந்துவிடும். பழைய 'ல்' கரைந்துபோன சில இடங்களில் டச்சில் 'ஔ', இங்கே 'ஆய்': பழைய என்பதற்கு டச்சில் ஔட், இங்கே ஆய்ட். குளிர் கௌட், இங்கே காய்ட். இந்த நான்கைந்தை மனத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் வாக்கியங்களின் எலும்புக்கூடு தெரியத் தொடங்கும்.

இடறி விழும் இடங்கள் வேறு. டச்சு தெரிந்தவர்தான் இதில் அதிகம் ஏமாறுவார். 'வீ' என்றால் டச்சில் யார், இங்கே எப்படி. ஆகவே "வீ கைட் எட்?" என்று கேட்டால் யாரையும் தேடவில்லை, நலமா என்று விசாரிக்கிறார்கள். 'ஹேர்' டச்சில் கனவான், இங்கே அவன் அல்லது அவர். 'ஹூஸ்' டச்சில் உறை, கைப்பேசிக்குப் போடுகிற உறையும் அதுதான், இங்கே வீடு.

நான் என்பதில் டச்சின் 'க்' இங்கே ஜெர்மன் போல மெல்லிய 'ஹ்' ஆகிவிடும்: ஈஹ். உன்னை, என்னை என்பவையும் ஜெர்மன் போல அதே முடிவோடு டீஹ், மீஹ். 'செய்' என்பதில் மட்டும் 'க்' அப்படியே இருக்கும். 'நான்' மாறும் எல்லை, 'செய்' மாறும் எல்லை என்று மொழியியலாளர்கள் வரைபடத்தில் இழுக்கும் இரண்டு கோடுகளுக்கு நடுவே ஊர் இருப்பதால் இந்தக் கலப்பு. இன்னொரு கோடும் உண்டு. கிழக்கு லிம்பர்கில் சொல் தொடக்கத்து 'ஸ்ட்' எல்லாம் 'ஷ்ட்' ஆகும். மாஸ்ட்ரிக்ட்டில் ஆகாது. 'ஷ்ட்' கேட்டால் பேசுகிறவர் பெரும்பாலும் கிழக்கிலிருந்து வந்தவர் என்று ஊகிக்கலாம்.

தமிழருக்குச் சாதகமான விஷயம் ஒன்று: முன்னிலை. 'டீஹ்' என்றால் நீ (உன்னை என்பதற்கும் இதே சொல்தான்), 'ஹேயர்' என்பது போல மெல்லிய முதலெழுத்தோடு வருவது நீங்கள். மரியாதைக்கும் பன்மைக்கும் இந்த ஒரே சொல், நம் 'நீங்கள்' போலவே. பொது டச்சில் மரியாதைக்கு ஒன்று, பன்மைக்கு வேறொன்று. இன்னொன்று தெற்கத்தி மென்மையான 'க'. ஆம்ஸ்டர்டாம்காரர் தொண்டையைக் கரகரக்கும் அந்த எழுத்தை இங்கே 'மகன்' என்பதில் வரும் ககரம் போலச் சற்று முன்னே தள்ளிச் சொன்னால் போதும். தமிழில் இல்லாதது, நாக்கு முன்னே இருக்க உதடு குவித்துச் சொல்லும் உயிர்கள். 'ஏ' சொல்லிக்கொண்டே உதட்டை 'ஓ' போலக் குவியுங்கள், 'ஈ' சொல்லிக்கொண்டே 'ஊ' போலக் குவியுங்கள். நாக்கு நகரக் கூடாது, உதடு மட்டும். நாக்கு பின்னே போனால் வேறு சொல் ஆகிவிடும்.

சுருதிக்கு வருவோம். லிம்பர்கியத்தில் அழுத்தமான அசைக்கு இரண்டு விதச் சுருதி உண்டு. டச்சில் ஒன்றுக்கு 'ஸ்டோட்டோன்', அதாவது குத்துச் சுருதி. மற்றதற்கு 'ஸ்லேப்டோன்', இழுப்புச் சுருதி. குத்துச் சுருதியில் அசை குறுகிச் சட்டென முடியும். இழுப்பில் அசை நீளும், குரல் உடனே விழாது. மெஸ்ட்ரேஹ்ஸில் 'ஸ்பேலெ' என்பதை (முதல் உயிரை உதடு குவித்துச் சொல்லவும்) குத்திச் சொன்னால் அலசு, இழுத்துச் சொன்னால் விளையாடு. எழுத்துக்கூட்டு ஒன்றே. சில பெயர்ச்சொற்களில் ஒருமை பன்மை வேறுபாடே சுருதியில்தான் இருக்கிறது. எல்லா அசையிலும் இது வராது. நெடில், ஈருயிர், அல்லது குறிலோடு ம், ன், ங், ல், ர் சேர்ந்த அசைகளில் மட்டும் தேடினால் போதும். பழகும்போது பலர் செய்கிற தவறு, குரல் ஏறுகிறதா இறங்குகிறதா என்று காதைத் தீட்டுவது. கேள்வி வாக்கியத்தில் அந்த ஏற்ற இறக்கமே வேறாகிவிடும், குழப்பம்தான் மிஞ்சும். அசையின் நீளத்தைக் கவனியுங்கள். குறில் நெடில் பிரித்துப் பழகிய காது நமக்கு, அது இங்கே உதவும்.

ஏன் சதுக்கத்தில்? ஃப்ரைட்ஹோஃப் என்றால் வேலியிட்ட முற்றம். ஜெர்மனில் கல்லறைத் தோட்டத்தைக் குறிக்கும் ஃப்ரீட்ஹோஃப் இதன் உடன்பிறப்பு. காதலிப்பதைக் குறிக்கும் டச்சு வினையோடு இணைத்துச் சொல்லும் விளக்கம் வேடிக்கைக்கு நல்லது, சொற்பிறப்புக்கு அல்ல. இங்கே தொடக்க இடைக்காலக் கல்லறைகள் அகழ்ந்தெடுக்கப்பட்டிருக்கின்றன. மேற்குப் பக்கம் செர்வாடியுஸ் பேராலயம். மரபுப்படி 384-இல் இறந்த ஆயரின் கல்லறை அதன் நிலவறையில். சின்ட் செர்வாஸ் என்ற அவரது டச்சுப் பெயரை ஊர்ப்பேச்சு சின்டர்வோஸ் என்று மென்று விழுங்கிவிடும். கேட்டால் திகைக்காதீர்கள். அதை ஒட்டிச் சிவப்புக் கோபுரத்தோடு புராட்டஸ்டண்ட் சின்ட் யான் தேவாலயம். இரண்டுக்கும் நடுவே உள்ள சந்தின் பெயர் டச்சில் உத்தரிக்கும் தலம் (கத்தோலிக்க நம்பிக்கையில் சொர்க்கத்துக்கு முன் ஆன்மாக்கள் தூய்மை பெறும் இடம்) என்று பொருள்படும். பெயர் வைத்தவர் கொஞ்சம் குசும்புக்காரர்.

பேச்சின் அடுக்குகளைச் சுற்றியுள்ள கட்டடங்களிலேயே பார்க்கலாம். 16-ஆம் நூற்றாண்டு ஸ்பானிய அரசு மாளிகை, காவற்படையின் தலைமைக் காவல் நிலையம், தளபதி டிபெட்ஸ் வாழ்ந்த வீடு (இப்போது நாடக அரங்கு) எல்லாம் இந்தச் சதுக்கத்தில்தான். 1794-இல் பிரெஞ்சுப் படை நகரைப் பிடித்தது. 1814 வரை இது ஒரு பிரெஞ்சு மாவட்டத்தின் தலைநகர். அதன் பிறகும் 19-ஆம் நூற்றாண்டு முழுக்கப் பெரிய வீடுகளில் பிரெஞ்சுக்கு மவுசு இருந்தது. முள்கரண்டிக்கு இவர்கள் சொல்லும் ஃபெர்ஷெட் அந்த மிச்சம். மாஸ்ட்ரிக்ட்காரனுக்கே பட்டப்பெயராகிவிட்ட ஷெங், பிரெஞ்சு ஷான் என்ற பெயரின் திரிபு.

இங்கே ஒரு வேறுபாடு முக்கியம். ஹேக், ஆம்ஸ்டர்டாம் நகர வழக்குகள் பெரும்பாலும் தொழிலாளர் குடியிருப்புகளின் அடையாளம். மாஸ்ட்ரிக்ட்டில் வழக்கறிஞரும் மருத்துவரும் தங்களுக்குள் இதைத்தான் பேசுவார்கள். அதிலும் இரண்டு தரம்: மேல்தட்டின் 'குட்டை' மெஸ்ட்ரேஹ்ஸ், உயிர்களை நீட்டும் எளிய மக்களின் 'நீள' மெஸ்ட்ரேஹ்ஸ். வெளியூர்க்காரர் முதலில் புரிந்துகொள்வது வழக்கமாகக் குட்டையைத்தான்.

எப்போது போவது? ஜூலையில் ஊர்க்காரரான வயலின் கலைஞர் ஆந்த்ரே ரியூவின் கச்சேரிகளுக்காகச் சதுக்கம் நாற்காலிகளால் நிரம்பும். அப்போது உலக மொழிகள் எல்லாம் கேட்கும், இது கேட்காது. ஆகஸ்ட் கடைசி வார இறுதியில் நடக்கும் உணவு விழா இதைவிட மேல். அதன் பெயரான ப்ரேவெனெமிண்ட், சுவைத்துப் பார் என்ற உள்ளூர்ச் சொல்லையும் நிகழ்வு என்ற சொல்லையும் ஒட்டவைத்த விளையாட்டு. பேச்சு முழு வீச்சில் கிடைப்பது நவம்பர் 11 அன்றும், ஈஸ்டருக்கு ஏழு வாரம் முந்தைய ஞாயிறு முதல் செவ்வாய் வரை நடக்கும் வாஸ்டெலோவென்ட் என்ற கார்னிவலிலும். ஞாயிறன்று பீரங்கி 11 முறை முழங்க, மோஸ்வீஃப் என்ற காய்கறிக்காரியின் பெரிய பொம்மையைக் கம்பத்தில் ஏற்றுவார்கள். செவ்வாய் இரவு இறக்குவார்கள். அந்த மூன்று நாளும் பாட்டு, பலகை, கிண்டல் எல்லாம் ஊர்மொழியில். எழுத்தில் பார்த்துப் பழக இதைவிட வசதியான நேரம் இல்லை. மற்ற நாட்களில் சதுக்கத்திலுள்ள கார்னிவல் சிலைக் குழுவின் பெயரிலிருந்து தொடங்கலாம்: "ஹாட் யூஹ் வாஸ்", அதாவது இறுகப் பிடித்துக்கொள்ளுங்கள். அதில் 'யூஹ்' என்பது மேலே சொன்ன 'நீங்கள்' சொல்லின் 'உங்களை' வடிவம்.

படிக்கும்போது ரோமன் எழுத்தில் ஓ-வும் ஈ-யும் சேர்ந்து வந்தால் 'ஊ' என்றும், ஏ-வும் ஓ-வும் சேர்ந்து வந்தால் அந்தத் திறந்த 'ஓ' என்றும், எஸ்-ஸும் ஜே-யும் சேர்ந்தால் 'ஷ' என்றும் வாசியுங்கள். அழகு என்பதற்கு இவர்கள் எழுதுவது அப்படித்தான் 'ஷூன்' ஆகிறது. 1955-இல் வந்த எண்டெபோல்ஸின் அகராதி பழைய சொற்களுக்கு இன்னும் கைகொடுக்கும். லிம்பர்கிய வழக்குகளுக்காக 1926-இல் தொடங்கிய ஃபெல்டெகெ சங்கத்தின் எழுத்துக்கூட்டு விதிகளைத்தான் இன்று லிம்பர்க் முழுவதும் பின்பற்றுகிறார்கள்.

பேசிப் பார்க்க ஆசை இருந்தால், கடையில் நுழைந்ததும் முழு வாக்கியத்தை மெஸ்ட்ரேஹ்ஸில் எடுத்துவிடாதீர்கள். அந்நியரைக் கண்டதும் மரியாதைக்காக டச்சுக்கோ ஆங்கிலத்துக்கோ மாறுவது அவர்கள் வழக்கம். சுருதி தவறிய வாக்கியம் அந்த மாற்றத்தை இன்னும் விரைவாக்கும். டச்சிலேயே ஆர்டர் கொடுங்கள், ஸூர்ஃப்லைஸ் என்ற புளிப்பு இறைச்சிக் குழம்பை மட்டும் அவர்கள் பெயரில் கேளுங்கள். மரபுப்படி அது குதிரை இறைச்சி, வினிகரில் ஊறவைத்து மசாலாக் கேக்கையும் பழப்பாகையும் போட்டுக் கெட்டியாக்குவது. எல்லாக் கடையிலும் இப்போது குதிரை இருக்காது, என்ன இறைச்சி என்று கேட்டுக்கொள்வது நல்லது. பதில் ஊர்மொழியில் வந்தால் நீங்கள் தேர்ந்துவிட்டீர்கள்.