கேள்வி - பதில்: மாந்திரீகத்தை எழுதுபவர் அதை நம்ப வேண்டுமா?

கேள்வி: நாட்டார் வழக்காறுகளையும் மாந்திரீகச் சடங்குகளையும் புனைகதையாகவும் மேடை நிகழ்வாகவும் ஆக்கும் கலைஞர் அவற்றை நம்பித்தான் ஆக வேண்டுமா? ஆய்வாளரைப்போல் விலகி நின்றால் போதாதா?
– நாடகத் துறை மாணவி ஒருவர்

பதில்: நம்பினாரா என்பதைவிட, அந்த வழக்கங்களுக்குத் தம் உடம்பை ஒப்புக்கொடுத்தாரா என்று பார்ப்பதே பயன் தரும் என்பது என் எண்ணம். அமெரிக்கக் கறுப்பின எழுத்தாளர் சோரா நீல் ஹர்ஸ்டனை (1891–1960) எடுத்துக்கொள்ளுங்கள். கறுப்பின மக்களே நிர்வகித்த ஈட்டன்வில் என்னும் பிளாரிடா சிற்றூரில் வளர்ந்து, நியூயார்க்கில் மானிடவியலாளர் பிரான்ஸ் போவாஸிடம் பயின்ற அவர், 1920களின் இறுதியில் நியூ ஆர்லியன்ஸுக்குச் சென்று, அமெரிக்கக் கறுப்பின மக்களின் மாந்திரீக மரபான ஹூடூவைக் கைக்கொண்ட மாந்திரீகர்களிடம் சீடராகவே சேர்ந்துவிட்டார். அங்கே பெற்ற தீட்சை ஒன்றை, 1935இல் வெளிவந்த 'மியூல்ஸ் அண்ட் மென்' நூலில் விவரிக்கிறார். பாம்புத்தோலின் மேல் ஆடையின்றிக் குப்புறப் படுத்து 69 மணி நேரம் உண்ணாமல் கிடக்கிறார். தாகம் தணிக்க அவருடைய ஆவி வெளியே அலைந்துவிடக் கூடாது என்று தலைமாட்டில் ஒரு கூஜாவில் தண்ணீர் வைக்கிறார்கள். பின்னர் அவர் முதுகின் குறுக்கே மின்னற்கோடு தீட்டப்படுகிறது. இடையில் ஐந்து அனுபவங்கள் வாய்த்தன என்கிறார், அவை எவை என்று மட்டும் சொல்வதில்லை.

இதே சடங்கு, 1931இல் நாட்டார் வழக்காற்றியல் ஆய்விதழில் அவர் எழுதிய கட்டுரையிலும் இருக்கிறது. ஆனால் அங்கே குருவின் பெயர் வேறு. ஆய்வுக்கும் புனைவுக்கும் இடையிலான வேலியை அவர் வேண்டியபோது தாண்டினார் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. கறாரான ஆய்வாளர்கள் இதைக் குறையாகச் சொல்வதுண்டு, அது நியாயமே.

என்றாலும், அவருடைய நேர்மையை நான் காண்பது மேடையில்தான். 1932 ஜனவரி 10 அன்று நியூயார்க்கின் ஜான் கோல்டன் அரங்கில் 'தி கிரேட் டே' நிகழ்வை அரங்கேற்றி, பிளாரிடாவின் இருப்புப்பாதைத் தொழிலாளர் முகாமில் ஒரு நாள் முழுவதும் ஒலிக்கும் பாட்டையும் பிரசங்கத்தையும் ஆட்டத்தையும் காட்டினார். பாடல்களைக் கற்ற விதத்தை 1939இல் செய்யப்பட்ட ஒலிப்பதிவு ஒன்றில் அவரே விளக்குகிறார்: கூட்டத்தோடு கூட்டமாக நின்று கேட்பார், ஓரிரு சொற்களில் சேர்ந்துகொள்வார், எல்லா அடிகளும் மனப்பாடமானதும் அந்த மக்களிடமே பாடிக்காட்டி, தங்களைப்போலவே பாடுகிறார் என்று அவர்கள் ஒப்புக்கொள்ளும்வரை விடமாட்டார். நாடகம் பயிலும் நீங்கள் கைக்கொள்ள வேண்டிய முறை இதுதான்.

நீங்கள் சொல்லும் விலகல் தேவைப்பட்ட இடமும் உண்டு. ஹெய்ட்டி பயணத்திலிருந்து பிறந்த, 1938இல் வெளியான 'டெல் மை ஹார்ஸ்' நூலில், மருத்துவமனை ஒன்றில் தாம் படமெடுத்த பெண்ணை உயிர்பெற்றெழுந்த 'ஸோம்பி' என்றே ஏற்றுக்கொள்கிறார். ஒன்றிப்போனவர் எதிர்க்கேள்வி கேட்க மறந்துவிட்டார் என்றே தோன்றுகிறது.

கேள்வி: அவருடைய புனைகதையில் மாந்திரீகம் எங்கே வருகிறது?

பதில்: 1939இல் வந்த 'மோசஸ், மேன் ஆஃப் தி மவுண்டன்' நாவலில். விவிலியத்தின் மோசேயை மாபெரும் மந்திரவாதியாகக் கண்ட கறுப்பின மக்களின் வழக்கை எடுத்து, எகிப்தின் அடிமைகளை அமெரிக்கத் தென்மாநில மக்களின் பேச்சில் பேசவைத்திருக்கிறார்.