அமெரிக்கக் கௌபாய் பாடகர்-நடிகர் ஜீன் ஆட்ரி ஏன் தன் படங்களில் ஜீன் ஆட்ரி என்ற பாத்திரமாகவே வந்தார்?

சுருக்கமான பதில்: அவர் பெயர்தான் விற்றது, நடிப்பு அல்ல.

திரைக்கு வருமுன்பே சிகாகோ டபிள்யூஎல்எஸ் வானொலியில் பாடி அமெரிக்கக் கிராமப்புறங்களில் ஆட்ரி பிரபலம். அந்தக் குரலுக்குச் சொந்தக்காரரை வேறு பெயரில் காட்டினால் வானொலி ரசிகர்களுக்கு எப்படித் தெரியும்? 1934இல் கென் மேனார்ட் கதாநாயகனாக நடித்த ஒரு கௌபாய் படத்தில் சிறிது நேரம் வந்து பாடிவிட்டுப் போனார். அங்கும் அவர் ஜீன் ஆட்ரிதான்.

அப்புறம் வந்ததுதான் வேடிக்கை. 1935இல் மாஸ்காட் நிறுவனம் அவரைக் கதாநாயகனாக்கி, 'தி ஃபேன்டம் எம்பயர்' என்ற 12 பகுதித் தொடர்படம் எடுத்தது. பூமிக்கடியில் முரேனியா என்றொரு ராஜ்ஜியம், அங்கே ரோபோக்கள், ஒரு ராணி. இவ்வளவுக்கும் நடுவில் நம் ஆள் தினமும் மேலே ஓடிவந்து வானொலியில் பாடியாக வேண்டும். பாடாவிட்டால் அவருடைய பண்ணை கைநழுவிப் போய்விடும்! கேட்கச் சிரிப்பாக இருந்தாலும், பாடகரைப் பாடகராகவே கதைக்குள் நிறுத்த இதைவிடச் சுலபமான வழி இல்லை.

அதே ஆண்டு ரிபப்ளிக் நிறுவனத்துக்கு வந்த பிறகும் பெரும்பாலான படங்களில் அவர் பெயர் மாறவில்லை. 1938இல் கதாநாயகனான இன்னொரு கௌபாய் பாடகர் ராய் ராஜர்ஸும் பிறகு இதே பாதையில்தான் போனார். கூத்து என்னவென்றால், ராய் ராஜர்ஸ் என்பதே சினிமாவுக்காக வைத்த பெயர். இயற்பெயர் லெனர்ட் ஸ்லை.